ஒரத்தநாட்டில் ஒரு காதல் கணக்கு

காதலுக்காகக் கட்டிய கட்டடம் எது என்று கேட்டால் யாரும் யோசிக்காமல் தாஜ்மகால் என்போம். எங்கள் ஊர்க்காரர்களிடம் கேட்டால் இன்னொரு பெயரையும் சேர்த்துச் சொல்வார்கள்.

தஞ்சாவூரிலிருந்து பட்டுக்கோட்டை போகும் ரோட்டில் இருபது கிலோமீட்டருக்குக் கொஞ்சம் கூடப் போனால் ஒரத்தநாடு. பழைய ஆட்கள் உரத்தநாடு என்றும் எழுதுவார்கள். அங்கே ஒரு பெரிய பழைய சத்திரம் இருக்கிறது. ஏட்டில் அதன் பெயர் முக்தாம்பாள் சத்திரம். எங்கள் வாயில் முத்தம்மா சத்திரம். முகப்பு மண்டபமே ஒரு தேர் மாதிரி, யானையும் குதிரையும் இழுத்துக்கொண்டு போவது போலச் செதுக்கியிருப்பார்கள். பிற்காலத்தில் பள்ளிப் பிள்ளைகள் தங்கிப் படித்த இடம். எங்கள் ஊரில் வயதானவர்கள் பலருக்கு அது 'மன்னர் காலத்துச் சின்னம்' எல்லாம் இல்லை, சும்மா 'ஹாஸ்டல்'தான் :-)

ஊரில் சொல்லும் கதை இது. தஞ்சாவூர் மராட்டிய மன்னர் இரண்டாம் சரபோஜிக்கு முத்தம்மாள் மேல் காதல். அவள் பட்டத்து ராணி இல்லை. சின்ன வயதிலேயே இறந்துபோகிறாள். சாகும்போது அவள் கேட்டது ஒன்றுதான்: "என் பேரில் ஒரு சத்திரம் கட்டுங்கள், வருகிறவர்களுக்குச் சோறு போடுங்கள்." அவரும் கட்டினார். 1800-ஐ ஒட்டித் தொடங்கி ஒன்றிரண்டு வருடத்தில் முடித்தார் என்கிறார்கள். சத்திரத்தைச் சுற்றி இருந்த இடத்துக்கு முக்தாம்பாள்புரம் என்று பெயரும் வந்தது.

கேட்டவுடன் மனசு கரையும் கதைதான். ஆனால் நான் படிப்பது பி.காம். காமர்ஸ் படிக்கிறவளுக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. எந்தக் கதையைக் கேட்டாலும் "சரி, பணம் எங்கிருந்து வந்தது?" என்று தோன்றும். அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டு போனபோதுதான் இந்தக் காதல் கதையே எனக்கு வேறு மாதிரி புரிந்தது.

ராஜா உண்டு, ராஜ்ஜியம் இல்லை

சத்திரம் கட்டிய வருடங்களைக் கவனியுங்கள். அதற்குச் சற்று முன்பு, 1799 அக்டோபரில், சரபோஜிக்கும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கும் ஓர் ஒப்பந்தம் ஆனது. அதன்படி தஞ்சாவூர் நாட்டின் நிர்வாகம் முழுவதும் கம்பெனி கைக்குப் போனது. ராஜாவுக்கு மிஞ்சியது தஞ்சாவூர்க் கோட்டை, வருடம் ஒரு லட்சம் நட்சத்திர வராகன் (சுமார் மூன்றரை லட்ச ரூபாய்), அதற்கு மேல் நிகர வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கு. அவ்வளவுதான்.

நிகர வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கு! பார்ட்னர்ஷிப் கணக்கில் லாபம் பிரிப்போமே, அந்த மாதிரி. தன் சொந்த நாட்டிலேயே இருபது சதவீதப் பங்குதாரர். அதுவும் எல்லாச் செலவையும் கழித்த பிறகு. செலவு என்ன என்று எழுதுவது யார்? கம்பெனி.

இது திடீரென்று நடந்ததும் இல்லை. 1773-இல் ஆற்காட்டு நவாப்பின் படையும் கம்பெனிப் படையும் சேர்ந்து தஞ்சாவூரைப் பிடித்தன. 1776-இல் திருப்பிக் கொடுத்தார்கள், கம்பெனிச் சிப்பாய்களைக் கோட்டைக்குள் வைத்துவிட்டு. 1781-இல் ஐதர் அலியின் படை வந்தது. பயிர் போச்சு, மாடு போச்சு, மனிதர்களையும் ஓட்டிக்கொண்டு போனார்கள். எங்கள் பக்கத்தில் 'ஐதர் கலாபம்' என்பது அதைத்தான். பத்து வருடத்துக்குள் டெல்டா கிராமங்கள் எத்தனை படையைப் பார்த்திருக்கின்றன என்று எண்ணிப் பாருங்கள்.

சரபோஜி பிறந்தது 1777. துளஜா மன்னர் 1787-இல் சாகுமுன் பத்து வயதுகூட நிரம்பாத பையனைத் தத்து எடுத்தார். பட்டம் அவனுக்குக் கிடைக்காமல் அமர்சிங்குக்குப் போனது. பையனுக்குப் பாதுகாவலராக இருந்தவர் சுவார்ட்ஸ் என்ற ஜெர்மானியப் பாதிரியார். பிறகு சென்னையில் ஆங்கிலப் படிப்பு. 1798-இல் கம்பெனி தயவில் பட்டம். மறு வருடமே மேலே சொன்ன ஒப்பந்தம். ஆக, இருபத்திரண்டு வயதில், கிட்டத்தட்ட நம் வயதில், நாட்டை எழுதிக் கொடுத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறார் ஒருவர். அந்த நேரத்தில்தான் அவருக்கு முத்தம்மாளும் போய்விடுகிறாள்.

யார் அந்நியர்?

இந்த இடத்தில் என் வகுப்புத் தோழி ஒருத்தி குறுக்கிட்டாள். "ஏய், சரபோஜியே மராட்டியர்தானே? அவங்களும் வெளியிலிருந்து வந்தவங்கதானே? வெள்ளைக்காரன் மட்டும் எப்படி அந்நியன்?"

நியாயமான கேள்வி. சிவாஜியின் தம்பி முறையான வெங்கோஜி பீஜப்பூர் சுல்தானின் தளபதியாக வந்து தஞ்சாவூரில் ராஜாவானது 1676 வாக்கில். அன்று எங்கள் ஊர்க் குடியானவனுக்கு அவரும் புரியாத பாஷை பேசி வரி கேட்டு வந்தவர்தான். அதற்கு முன் ஆண்ட நாயக்கர்கள் தெலுங்கு பேசியவர்கள்.

ஆனால் நூற்றிருபது வருடம் ஒரே ஊரில் இருந்தால் சில விஷயங்கள் நடக்கின்றன. சமையல் கலக்கிறது. வார்த்தை கலக்கிறது. கிச்சடி, கில்லாடி இதெல்லாம் மராத்தியிலிருந்து வந்தவை என்று நாம் பள்ளிக்கூடத்தில் படித்ததுதான். பெரிய கோயில் சாமி அவர்களுக்கும் சாமியாகிறது. மராட்டிய ராஜாவின் சபையில் தமிழ்ப் புலவர் கொட்டையூர் சிவக்கொழுந்து தேசிகர் 'சரபேந்திர பூபாலக் குறவஞ்சி' எழுதுகிறார். சரபோஜியைக் கண்டு ஒரு பெண் காதலில் உருகுவாள், குறத்தி வந்து குறி சொல்வாள். அக்மார்க் தமிழ்க் காதல் இலக்கிய வடிவம், நாயகன் மராட்டியர். அதே குறவஞ்சி வடிவத்தை எடுத்து சரபோஜி மராத்தியில் 'தேவேந்திர குறவஞ்சி' எழுதினார். அதில் குறத்தி சொல்வது காதல் குறி இல்லை. உலகத்தின் கண்டங்கள், நாடுகள் பற்றிய பாடம்! வெள்ளைக்காரனிடம் கற்ற பூகோளத்தைத் தமிழ்க் குறத்தி வாயில் மராத்தியில் பேச வைத்திருக்கிறார். பண்பாட்டு அடையாளம் என்றால் ஒரே நிறத்தில் வேட்டி மாதிரி இருக்கும் என்று நினைக்கிறவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

அதே ஆள்தான் 1803-இல் போஸ்லே வம்ச வரலாறு முழுவதையும் பெரிய கோயிலில் மராத்தியில் கல்வெட்டாக வெட்டி வைத்தார். ஒப்பந்தம் போட்டு நான்கே வருடத்தில். நிலத்தை வாங்கிக்கொண்டார்கள், வரியை வாங்கிக்கொண்டார்கள், நாங்கள் யார் என்பதைக் கல்லில் எழுதிவிடுகிறேன், அதை எடுக்க முடியாது. எனக்கு அப்படித்தான் படுகிறது. சரசுவதி மகாலில் ஆயிரக்கணக்கில் ஏடும் நூலும் சேர்த்ததும், தேவநாகரி எழுத்தில் அச்சுக்கூடம் வைத்ததும் அந்தக் காலத்தில்தான்.

என் தோழிக்கு நான் சொன்ன பதில் இது: ஒருவர் எங்கிருந்து வந்தார் என்பதை மட்டும் வைத்து அந்நியர் என்று சொல்ல முடியாது. இங்கே விளைந்தது இங்கேயே செலவானதா, கப்பல் ஏறியதா என்று பார்க்க வேண்டும். அவள் "நீ எல்லாத்தையும் கணக்காவே பாரு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

மணி அடித்துக் கூப்பிட்ட சோறு

சரி, சத்திரத்துக்கு வருவோம். தஞ்சாவூர் மராட்டிய அரச குடும்பத்தில் பெண்கள் பெயரில் சத்திரம் வைப்பது பழைய வழக்கம். நீடாமங்கலத்தில் யமுனாம்பாள் சத்திரம் பிரதாபசிங் காலத்தது. கடற்கரைப் பக்கம் சேதுபாவாசத்திரம், ஊரின் பெயரே சத்திரம். காசியிலிருந்தும் எங்கெங்கிருந்தோ ராமேசுவரத்துக்கு நடந்து போகிறவர்களுக்காக வழிநெடுக இப்படிச் சத்திரங்கள் இருந்தன. ஒரத்தநாடும் அந்த வழியில்தான் இருக்கிறது.

நாடு கம்பெனிக்குப் போனதும் சத்திரங்களின் நிலை கேள்வியானது. 1801-இல் சரபோஜி, கம்பெனியின் ரெசிடெண்டாக இருந்த டோரின் துரைக்கு ஒரு கடிதம் எழுதினார். சத்திரங்களில் என்ன நடக்கிறது என்று அதில் விவரமாகச் சொல்கிறார். அதன் சாரத்தை என் வார்த்தையில் தருகிறேன்:

- பிராமணர் முதல் பறையர் வரை, எந்த வகை யாத்திரிகராக இருந்தாலும் சாப்பாடு உண்டு. சமைத்த சோறு வேண்டாம் என்பவர்களுக்கு அரிசியும் சாமானும்.
- நள்ளிரவு வரை சோறு போடுவார்கள். கடைசியில் மணி அடித்து, இன்னும் சாப்பிடாதவர்கள் யாராவது இருந்தால் வரலாம் என்று கூப்பிடுவார்கள்.
- ஒவ்வொரு சத்திரத்திலும் வாத்தியாரும் வைத்தியரும் உண்டு. விஷக்கடிக்கும் மருந்து உண்டு.
- யாத்திரிகர் வழியில் இறந்து அநாதையான பிள்ளைகளை வாத்தியாரிடம் ஒப்படைத்து, மூன்று வேளை சோறு போட்டு, நாலு நாளைக்கு ஒருமுறை எண்ணெய் தேய்த்து விட்டு, படிப்புச் சொல்லிக்கொடுத்து, கல்யாணச் செலவும் பார்ப்பார்கள்.
- கைக்குழந்தைகளுக்குப் பால். கர்ப்பிணிகளுக்குக் கவனிப்பு. பிரசவம் அங்கேயே ஆனால் செலவு சத்திரத்தினுடையது. பிறகு மூன்று மாதம் வரை தங்கலாம்.
- இறந்தவர்களுக்கு அவரவர் சாதி வழக்கப்படி ஈமச்சடங்கு.

நாலு நாளைக்கு ஒருமுறை எண்ணெய்க் குளியல் என்பதைப் படித்தபோது எனக்குச் சிரிப்பும் வந்தது, தொண்டையும் அடைத்தது. நாட்டை இழந்த ராஜா, அதை வாங்கிக்கொண்டவனுக்கு எழுதும் கடிதத்தில், அநாதைப் பிள்ளை தலைக்கு எண்ணெய் வைப்பது பற்றி எழுதுகிறார்!

சத்திரங்களும் அவற்றை நடத்துவதற்கான நிலங்களும் ராஜாவின் பொறுப்பில் விடப்பட்டன. இங்கேதான் என் கேள்விக்குப் பதில் கிடைத்தது. ஒரத்தநாடு சரபோஜியின் கோட்டைக்குள் இல்லை. அது ஏற்கெனவே கம்பெனி வரி வாங்கும் சீமை. அங்கே அவர் ஒரு உத்தரவு போட முடியாது, ஒரு மணியக்காரரை மாற்ற முடியாது. ஆனால் இறந்துபோன ஒரு பெண்ணின் பெயரில் சோறு போடலாம். தர்மம் செய்வது ஒன்றைத்தான் வெள்ளைக்காரன் அவருக்கு வெளியே விட்டிருந்தான். அந்தச் சின்ன வாசல் வழியாகத்தான் அவருடைய காதல் ஊருக்குள் வந்து நின்றது.

இன்னொன்று. அன்றைக்கு எங்கள் ஊருக்குப் புது ஆறு கிடையாது. கல்லணைக் கால்வாய் மேட்டூர் அணையோடு சேர்ந்து 1934-இல்தான் வந்தது. அதற்கு முன்பு இது ஏரியும் மானமும் பார்த்த பூமி. காவிரித் தண்ணி பாயும் கிழக்கு மாதிரி நெல் குவியும் ஊர் இல்லை. அந்த வறண்ட பக்கத்தில் ராத்திரி பன்னிரண்டு மணிக்கு "சாப்பிடாதவர்கள் வாங்க" என்று மணி அடித்தால் அது எவ்வளவு பெரிய சத்தமாக இருந்திருக்கும்!

சோறோடு நிற்கவில்லை. சரபோஜி 'நவவித்யா' என்று புதுப் படிப்புக்காக நடத்திய பள்ளிகள் இந்தச் சத்திரத்திலும் நடந்தன. தமிழ், தெலுங்கு, மராத்தி, சமஸ்கிருதம், பாரசீகம், ஆங்கிலம் என்று பல மொழிகள் அங்கே கற்பித்தார்கள்.

பி.காம் முதல் வருடத்தில் 'கோயிங் கன்சர்ன்' என்று ஒரு கான்செப்ட் படிப்போம். வியாபாரம் நாளைக்கும் நடக்கும் என்று நினைத்துக்கொண்டு கணக்கு எழுத வேண்டும். தாஜ்மகால் கட்டி முடித்த ஒரு காபிடல் அசெட். சத்திரம் அப்படி இல்லை. நிலம் விற்காமல் அப்படியே இருக்க வேண்டும், அதில் வரும் வருமானத்தில் தினமும் அடுப்பு எரிய வேண்டும். ஒருத்தியை மறக்காமல் இருப்பதைத் தினசரிச் செலவாக எழுதி வைத்தது எனக்குப் பெரிய விஷயமாகப் படுகிறது.

கதை எப்போதும் அழகாக முடிவதில்லை. சரபோஜி 1832-இல் இறந்தார். மகன் சிவாஜி 1855-இல் ஆண் வாரிசு இல்லாமல் இறந்ததும் கம்பெனி ராஜ்ஜியப் பட்டத்தையே ரத்து செய்தது. அரண்மனைச் சொந்தச் சொத்துக்கும் பூட்டுப் போட்டது. மூத்த ராணி காமாட்சிபாய் கோர்ட்டுக்குப் போனார். சென்னை சுப்ரீம் கோர்ட்டில் ஜெயித்தார். லண்டன் பிரிவி கவுன்சிலில் 1859-இல் தோற்றார். ஓர் அரசு இன்னொரு அரசிடம் செய்த காரியத்தைக் கோர்ட் விசாரிக்க முடியாது என்று தீர்ப்பு. சட்டம் படிக்கிறவர்கள் இந்த வழக்கை இன்றும் படிக்கிறார்கள். சத்திரங்கள் பிறகு அரசு நிர்வாகத்துக்கு வந்தன. அந்தச் சொத்துகளின் வருமானத்தில் பள்ளிகளும் விடுதிகளும் நடந்தன. திருவையாறு அரசர் கல்லூரி அந்தச் சத்திர தர்மத்தில் முளைத்ததுதான்.

அப்பாயி சொன்ன பதில்

எனக்கு இந்தக் கதையைச் சொன்னது என் அப்பாயி. முத்தம்மா எவ்வளவு அழகு, ராஜா எப்படி அழுதார் என்று நேரில் பார்த்தது போலச் சொல்லும். ராஜா குடும்பத்தில் அவளை ராணியாக ஒத்துக்கொள்ளவில்லை என்று சொல்லும்போது ராஜா குடும்பத்தையே திட்டும்.

எங்கள் வீட்டிலும் ஒரு கதை உண்டு. பெரியப்பா மகள், என் அக்கா, கூடப் படித்தவரைக் கல்யாணம் செய்துகொண்டாள். வேற சாதி. இப்போது திருப்பூரில் இருக்கிறாள், ஒரு பையன். மூன்று வருடமாக அவள் பெயரை எங்கள் வீட்டில் சத்தமாகச் சொல்வதில்லை. பொங்கலுக்கு வரவில்லை, பெரியப்பா ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் வர முடியவில்லை.

ஒருநாள் அப்பாயி முத்தம்மா கதையை ஆரம்பித்ததும் கேட்டுவிட்டேன். "அந்த ராஜா குடும்பத்தைத் திட்டுறியே அப்பாயி, நம்ம அக்காவ மட்டும் ஏன் வீட்டுக்குள்ள விடல?"

அப்பாயி கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "அது ராஜா வீட்டுக் கதைடி. நாம ஊருக்குப் பதில் சொல்லணும்ல" என்றது.

அந்த 'ஊர்' என்ற வார்த்தை என்னை விடவே இல்லை. சாதி மாறிக் காதலித்ததற்காகப் பெற்ற பிள்ளையையே கொன்ற செய்திகள் தமிழ்நாட்டில் இன்றும் வருகின்றன. எங்கள் ஜில்லாவும் அதற்கு விலக்கு இல்லை. கேட்டால் நம்ம பண்பாடு, நம்ம அடையாளம் என்பார்கள். எந்த அடையாளம்? எங்கள் ஊருக்கு இருக்கிற பெருமையான அடையாளமே, ராணியாக முடியாத ஒரு பெண்ணின் பெயரில் நிற்கும் சத்திரம்தானே? இருநூறு வருடத்துக்கு முந்தின காதல் என்றால் பெருமை, இந்த வருடத்துக் காதல் என்றால் மானக்கேடா?

சரபோஜியைப் புரட்சியாளர் ஆக்க நான் வரவில்லை. அவர் காலத்துச் சத்திரத்திலும் சாதி இருந்தது. சாவுச் சடங்குகூட சாதிப்படிதான் என்று அவரே எழுதியிருக்கிறார். முத்தம்மாளுக்கும் உயிரோடு இருந்தபோது ராணிப் பட்டம் கிடைக்கவில்லை, செத்த பிறகு கட்டடம் கிடைத்தது. இந்தக் கதை முழுவதிலும் அவளுக்கு ஒரே ஒரு வசனம்தான். ஆனால் அந்த ஒரே வசனத்தில் அவள் தனக்கென்று நகையோ சிலையோ கேட்கவில்லை. யார் வந்தாலும் சோறு போடுங்கள் என்றாள்.

வெள்ளைக்காரன் போய் எவ்வளவோ வருடம் ஆகிவிட்டது. எங்கள் வீட்டு வாசலைத் திறப்பதற்கு எந்தக் கம்பெனியிடமும் அனுமதி வாங்க வேண்டியதில்லை. அக்காவும் கட்டடம் ஒன்றும் கேட்கவில்லை. ஒரு பொங்கலுக்கு அவளையும் அத்தானையும் பையனையும் கூப்பிட்டு இலை போட்டால் போதும்.

போன மாதம் அப்பாயி, யாரிடமோ பேசுவது போலச் சுவரைப் பார்த்துக்கொண்டு, "அந்தப் பயலுக்கு இப்ப எத்தன வயசு இருக்கும்?" என்று கேட்டது. இரண்டு முடிந்துவிட்டது என்றேன். அதற்கு மேல் பேச்சு நகரவில்லை. ஆனாலும் தை பிறக்க இன்னும் நாள் இருக்கிறது, நான் விடப்போவதில்லை.

பட்டுக்கோட்டை பஸ்ஸில் போகிறவர்கள் ஒருநாள் ஒரத்தநாட்டில் இறங்கிச் சத்திரத்தைப் பாருங்கள். உங்கள் ஊரிலும் இப்படி ஒரு பெண்ணின் பெயரில் குளமோ, சத்திரமோ, தெருவோ இருக்கும். அவள் யார் என்று வீட்டில் பெரியவர்களிடம் கேளுங்கள். அப்படியே இப்போது உங்கள் வீட்டில் பெயர் சொல்லாமல் விட்டிருக்கிற ஆள் யார் என்றும் கேட்டுப் பாருங்கள்.